சம்பளம் வந்த எஸ்.எம்.எஸ்ஸை உங்களுக்கு முன்னாடி படிக்கிறது யார்?



மாசத்தோட கடைசி வேலை நாள். மதியம் மூணு மணிக்கு உங்க போன் ஒரு தரம் அதிருது. சம்பளம் கிரெடிட் ஆன மெசேஜ். நீங்க மீட்டிங்ல இருக்கீங்க, டீ பிரேக்ல பார்த்துக்கலாம்னு விட்டுடறீங்க. நீங்க பார்க்கறதுக்குள்ள அதே போன்ல இருக்கற ஒரு ஆப் அந்த மெசேஜைப் படிச்சு, தொகையைத் தனியா எடுத்து, போன மாசத் தொகையோட ஒப்பிட்டு, தன்னோட சர்வருக்கு அனுப்பியிருக்கலாம். 3,000 ரூபாய் இன்கிரிமெண்ட் வந்திருக்குன்னு வீட்ல யார்கிட்டயும் நீங்க இன்னும் சொல்லலை. ஆனா சாயங்காலம் பஸ்ல வரும்போது ஒரு நோட்டிபிகேஷன்: உங்க லோன் லிமிட் உயர்ந்திருக்கு, ஒரே கிளிக்ல எடுத்துக்கலாம்!

வழக்கமா இங்க எஸ்.ஐ.பி, டேக்ஸ், இன்சூரன்ஸ்னு பேசுவோம். இன்னைக்குப் பாடம், நம்ம போனுக்குள்ள நம்ம பணத்தைப் பத்தி என்ன நடக்குதுங்கறது. படிக்க ஆரம்பிக்கும்போது பிரைவசி பாடம் மாதிரி இருக்கும். ஆனா போகப்போக இது வட்டிக் கணக்குல போய் நிக்கும். அதனாலதான் இதை ஒரு ஃபைனான்ஸ் பாடமா எழுதறேன்.

மைக் ஒட்டுக் கேட்குதா?

இந்த விஷயத்தை எடுத்தாலே முதல்ல வர்ற கேள்வி இதுதான். "வீட்ல ஏசி வாங்கணும்னு பேசிட்டிருந்தோம், அஞ்சு நிமிஷத்துல ஏசி விளம்பரம் வந்துடுச்சு, போன் நாம பேசறதைக் கேட்குது." இப்படிச் சந்தேகப்படாத ஆளே இல்லை.

ஆண்ட்ராய்டு 12-க்கு மேல இருந்தா, மைக்கோ கேமராவோ ஓடும்போது திரையோட மேல் மூலையில பச்சை அடையாளம் வரும். ஐபோன்ல மைக்குக்கு ஆரஞ்சுப் புள்ளி. சந்தேகமா இருந்தா அதை முதல்ல கவனிங்க. யோசிச்சுப் பாருங்க, ஒரு கம்பெனிக்கு இருபத்தி நாலு மணி நேரமும் உங்க வீட்டுப் பேச்சைக் கேட்டு, டிவி சீரியல் சத்தத்தையும் குக்கர் விசிலையும் பிரிச்சு, பாதித் தமிழ் பாதி இங்கிலீஷ்ல இருந்து அர்த்தம் எடுக்கறது எவ்வளவு செலவு! அதே வீட்டு வைஃபைல உங்க தங்கச்சி ஏசி விலையைத் தேடியிருந்தாலே விளம்பரக் கம்பெனிக்குப் போதும்.

பணம் சம்பந்தப்பட்ட ஆப்களுக்கு இதைவிட நேரான பாதை இருக்கு. எஸ்.எம்.எஸ் இன்பாக்ஸ். அதுக்கு அனுமதி கொடுத்தது நாமதான். இன்ஸ்டால் பண்ணின அவசரத்துல "அலோ, அலோ, அலோ"ன்னு தட்டிட்டுப் போனோமே, அதுல ஒரு அலோ.

ஒரு மாச இன்பாக்ஸை வரிசையா படிச்சா

ஒரு உதாரணம் எடுத்துக்கலாம். இருபத்தேழு வயசு, சென்னையில வேலை, கைக்கு வர்ற சம்பளம் 38,000 ரூபாய். கற்பனை ஆள்தான், ஆனா இந்த இன்பாக்ஸ் உங்களுக்குப் பழக்கமானதா இருக்கும்.

31-ம் தேதி 38,000 கிரெடிட். 1-ம் தேதி 9,500 யு.பி.ஐ, போன மாசமும் அதே ஆளுக்கு அதே தொகை. 3-ம் தேதி போன் வாங்கின ஈ.எம்.ஐ 4,200. 5-ம் தேதி 6,000 இன்னொருத்தருக்கு, அவருக்கு இவரோட இனிஷியல்தான் முழுப் பேர். 11-ம் தேதி மெடிக்கல் ஷாப்ல 2,340, அதே நாள் ரத்தப் பரிசோதனை லேப்ல 1,800. 12-ம் தேதி திரும்ப மெடிக்கல். 18-ம் தேதி பேலன்ஸ் 1,112 ரூபாய். 20-ம் தேதி ஒரு ஆட்டோ டெபிட் பணம் இல்லாம திரும்புது, அதுக்கு பேங்க் அபராதம், அபராதத்துக்கு ஜி.எஸ்.டி. 21-ம் தேதி ராத்திரி 11.40-க்கு வேற ஒரு லோன் ஆப்ல இருந்து ஓ.டி.பி.

இதைப் படிக்கற மென்பொருளுக்கு கணக்கு சுலபம். வாடகை வீடு. அப்பாவுக்கு மாசாமாசம் பணம் அனுப்பறவர். வீட்ல யாருக்கோ உடம்பு சரியில்லை. இந்த மாசம் இருபதாம் தேதிக்குள்ள பணம் தீர்ந்துடுச்சு, வழக்கமா அப்படி இல்லை. கடன் தேட ஆரம்பிச்சிருக்கார், ராத்திரி தூக்கம் வராம தேடறார். இதுல எதையும் அவர் யார்கிட்டயும் வாயைத் திறந்து சொன்னது கிடையாது. பக்கத்து சீட் நண்பனுக்கே தெரியாது.

22-ம் தேதி காலையில அவருக்கு ஆஃபர் வருது: 10,000 ரூபாய், அஞ்சு நிமிஷத்துல அக்கவுண்ட்ல.

"எந்த மனுஷனும் உட்கார்ந்து படிக்கலையே சார், மெஷின்தானே, அதுக்கென்ன வெட்கம்?" அப்படின்னு சிலர் கேட்பாங்க. எனக்கு அது ஆறுதலா படலை. தெருவுல வம்பு பேசற ஆள் நாலு நாள்ல மறந்துடுவார். இது மறக்காது. அதோட, நீங்க எந்த நாள்ல பலவீனமா இருக்கீங்கன்னு பார்த்து அந்த நாள்ல கதவைத் தட்டும். நம்ம ஊர்ல கந்துவட்டிக்காரர் ஆஸ்பத்திரி வாசல்ல நிப்பார்னு சொல்வாங்க. அவருக்காவது நீங்க ஆஸ்பத்திரி போன விஷயம் யாராவது சொல்லித் தெரியணும்.

இன்னொரு விஷயத்தையும் பிரிச்சுச் சொல்லிடறேன். உங்க சம்பள அக்கவுண்ட் இருக்கற பேங்க் "பிரீ-அப்ரூவ்டு லோன்"னு சொன்னா, அவங்களுக்கு எஸ்.எம்.எஸ் படிக்க வேண்டிய அவசியமே இல்லை. பணம் அவங்ககிட்டதான் வருது, போகுது. அது வேற கணக்கு. இங்க நான் பேசறது, உங்க அக்கவுண்டோட சம்பந்தமே இல்லாத மூணாவது ஆள் உள்ளே வந்து உட்கார்றதைப் பத்தி.

புல் வெட்டும் மெஷின் விளம்பரம் எதுக்கு?

வாங்கின சாமானை வெச்சு வீட்டு ரகசியத்தைக் கணிக்கறது ஸ்மார்ட்போன் லோன் ஆப்களுக்கு முன்னாடியே வந்தாச்சு. அமெரிக்காவுல டார்கெட்னு ஒரு பெரிய கடைச் சங்கிலி இருக்கு. 2012 பிப்ரவரியில நியூயார்க் டைம்ஸ் மேகசின்ல சார்ல்ஸ் டுஹிக் அதைப் பத்தி ஒரு கட்டுரை எழுதினார். வாசனை இல்லாத லோஷன், கால்சியம், ஜிங்க் மாத்திரைன்னு சுமார் 25 பொருட்களோட விற்பனையை வெச்சு, எந்த வாடிக்கையாளர் கர்ப்பமா இருக்காங்கன்னு கணிக்க அந்தக் கடையோட புள்ளியியல் ஆட்கள் ஒரு மதிப்பெண் உருவாக்கியிருந்தாங்க. பொண்ணு கர்ப்பமா இருக்கறது அப்பாவுக்குத் தெரியறதுக்கு முன்னாடி கடைக்குத் தெரிஞ்ச கதை அதுல வரும். அந்தக் கதை அப்படியே நடந்துச்சாங்கறதுல சந்தேகப்படறவங்க உண்டு, அதை விட்டுடுங்க.

எனக்கு அந்தக் கட்டுரையில முக்கியமாப் பட்டது வேற. நமக்குத் தெரிஞ்சுடுச்சுன்னு வாடிக்கையாளருக்குத் தெரிஞ்சா பயந்துடுவாங்கன்னு கடைக்காரங்க புரிஞ்சுக்கறாங்க. அதனால டயப்பர் விளம்பரத்துக்குப் பக்கத்துல புல் வெட்டும் மெஷின் விளம்பரத்தையும் வெச்சு அனுப்பறாங்க. ஏதோ எல்லாருக்கும் போற நோட்டீஸ் மாதிரி தெரியணும்ல!

இனிமே உங்க போன்ல "உங்களுக்காக"ன்னு வர்ற நாலு ஆஃபர்ல மூணு சம்பந்தமே இல்லாம இருந்தா, நாலாவதையும் தற்செயல்னு நினைச்சுடாதீங்க.

எந்த "அலோ" எவ்வளவு பெருசு?

இதுதான் பாடத்தோட மையம், நிதானமா பாருங்க.

ஆண்ட்ராய்டுல எஸ்.எம்.எஸ் சம்பந்தமா ரெண்டு விதமான கேள்வி வரும். ஒண்ணு, ஓ.டி.பி வந்ததும் திரையோட கீழே "இந்த மெசேஜைப் படிக்க அனுமதிக்கவா?"ன்னு அந்த ஒரே ஒரு மெசேஜைக் காட்டிக் கேட்கறது. அது அந்த ஒரு மெசேஜோட முடிஞ்சுது. இன்னொண்ணு, நடுத்திரையில "எஸ்.எம்.எஸ் மெசேஜ்களை அனுப்பவும் பார்க்கவும் அனுமதிக்கவா?"ன்னு கேட்கறது. அதுக்கு அலோ கொடுத்தா முழு இன்பாக்ஸும் போச்சு. பழைய மெசேஜ், புது மெசேஜ், பேங்க் அனுப்பினது, காதலி அனுப்பினது எல்லாம். "பேங்க் மெசேஜை மட்டும் பாரு"ன்னு பிரிச்சுக் கொடுக்க அந்த அனுமதியில வழி கிடையாது. "நாங்க பேங்க் மெசேஜை மட்டும்தான் எடுப்போம்"னு ஆப் சொல்றது அவங்க கொடுக்கற வாக்கு, உங்க போன் போடற பூட்டு இல்லை. ஐபோன்ல வெளி ஆப்களுக்கு எஸ்.எம்.எஸ் இன்பாக்ஸைத் திறந்து விடறதே கிடையாது. அதே கம்பெனி ஐபோன் காரருக்கும் லோன் கொடுக்குதுன்னா, இன்பாக்ஸைப் படிக்காமலும் அவங்களால வேலை செய்ய முடியுதுன்னுதானே அர்த்தம்?

நியாயமா இன்னொரு பக்கமும் சொல்லணும். முதல் வேலை, கிரெடிட் கார்டு இல்லை, சிபில் ஸ்கோரே உருவாகலை. அப்படிப்பட்ட ஒருத்தருக்கு பேங்க் லோன் தராது. அவரோட வரவு செலவைப் பார்த்து "இவர் ஒழுங்கா கட்டுவார்"னு நம்பி கடன் கொடுக்க ஏதாவது ஒரு தரவு வேணும். அது தப்பு இல்லை. எவ்வளவு தரவு, எத்தனை நாளைக்கு, யார் சாவி வெச்சிருக்காங்கங்கறதுதான் கேள்வி.

இதுக்குன்னே நம்ம நாட்டுல முறையான ஒரு வழி இருக்கு. அக்கவுண்ட் அக்ரிகேட்டர். 2016-ல ஆர்.பி.ஐ விதிமுறை போட்டு, 2021 செப்டம்பர்ல நடைமுறைக்கு வந்தது. ஒன்மணி, ஃபின்வு மாதிரி லைசென்ஸ் வாங்கின நிறுவனங்கள் நடுவுல நிப்பாங்க. உங்க பேங்க் ஸ்டேட்மெண்ட் அவங்க வழியா பூட்டின கவர்ல லோன் கொடுக்கறவருக்குப் போகும். நடுவுல இருக்கறவரால அதைத் திறந்து படிக்க முடியாது, தபால்காரர் மாதிரி.

அந்த ஒப்புதல் திரையில என்ன காரணத்துக்கு, எந்த அக்கவுண்ட், எத்தனை மாச விவரம், ஒரு தடவையா இல்ல அடிக்கடியா, எவ்வளவு நாள் வெச்சிருப்பாங்க, எப்போ காலாவதின்னு எல்லாம் எழுதியிருக்கும். வேண்டாம்னா பின்னாடி ரத்து பண்ணலாம். எஸ்.எம்.எஸ் அலோவுல இதுல ஒண்ணுமே கிடையாது. ஆனா அக்ரிகேட்டர்லயும் கண்ணை மூடிக்கிட்டு ஓகே கொடுக்காதீங்க. ஒரு லோனுக்கு விண்ணப்பிக்க ஒரு தடவை ஸ்டேட்மெண்ட் பார்த்தாலே போதும். "அடிக்கடி எடுப்போம், ரெண்டு வருஷத்துக்கு"ன்னு இருந்தா ஏன்னு கேளுங்க.

இலவச ஸ்கோர், அதுக்கு யார் காசு கொடுக்கறாங்க?

"உங்க கிரெடிட் ஸ்கோரை இலவசமா பாருங்க." ரொம்ப நல்ல பழக்கம்தான், நாமே பார்க்கறதால ஸ்கோர் குறையாது. ஆனா அந்த ஆப் உங்களுக்கு ஏன் இலவசமா கொடுக்குது? உங்க ஸ்கோர், ஏற்கனவே இருக்கற லோன், எந்தக் கார்டுல எவ்வளவு பாக்கி எல்லாம் தெரிஞ்சா, உங்களுக்கு ஏத்த கடனைக் காட்டலாம். நீங்க எடுத்தா கடன் கொடுத்தவர்கிட்ட இருந்து ஆப்புக்குக் கமிஷன். ஸ்கோர் பார்க்க நீங்க டிக் போட்ட அதே இடத்துல, இனிமேலும் அப்பப்போ உங்க ரிப்போர்ட்டை எடுத்துப் பார்க்கறதுக்கும் சம்மதம் ஒட்டிக்கிட்டிருக்கும்.

இதுக்கு மாற்று ரொம்ப எளிது. சிபில், எக்ஸ்பீரியன், ஈக்விஃபேக்ஸ், கிரிஃப் ஹைமார்க் நாலு நிறுவனமும் வருஷத்துக்கு ஒரு முழு ரிப்போர்ட் இலவசமா தரணும்னு ஆர்.பி.ஐ விதி. நாலு நிறுவனம், பன்னிரண்டு மாசம். மூணு மாசத்துக்கு ஒண்ணுன்னு நேரா அவங்க வெப்சைட்லயே எடுத்துக்கலாம். உங்க ரிப்போர்ட்டை ஒரு நிறுவனம் எடுத்துப் பார்த்தா உங்களுக்கு எஸ்.எம்.எஸ்ஸோ மெயிலோ வரணும்னு 2024 ஏப்ரல்ல இருந்து விதி இருக்கு. அந்த மெயிலை ஸ்பேம்னு தள்ளாதீங்க. நீங்க விண்ணப்பிக்காத இடத்துப் பேர் வந்தா, யாரோ உங்க பேர்ல கடன் கேட்கறாங்கன்னு கூட இருக்கலாம்.

22-ம் தேதி ஆஃபரோட விலை

அந்த 10,000 ரூபாய்க்கு வருவோம். விளம்பரத்துல "மாதம் 3% மட்டும், 30 நாள்ல கட்டினா போதும்"னு இருக்குன்னு வெச்சுக்குவோம். பிராசஸிங் கட்டணம் 5%, அதாவது 500. அதுக்கு ஜி.எஸ்.டி 18%, 90 ரூபாய். இதை முன்னாடியே பிடிச்சுக்குவாங்க. கைக்கு வர்றது 9,410. திருப்பிக் கட்டறது 10,300. ஆக 9,410 ரூபாயை ஒரு மாசம் வெச்சிருந்ததுக்கு 890 ரூபாய். மாசத்துக்கு சுமார் 9.5%, வருஷக் கணக்குல 113 சதவீதத்துக்கும் மேல!

இதை ஒரு தடவையோட நிறுத்தினா பரவாயில்லை. அடுத்த மாசம் 10,300 கட்டினதும் அந்த மாச பட்ஜெட்ல அவ்வளவு பள்ளம் விழும். இருபதாம் தேதிக்குத் திரும்பப் பணம் இருக்காது. மெஷினுக்கு அதுவும் தெரியும். பன்னிரண்டு மாசம் இப்படியே சுத்தினா கட்டணம், வட்டி மட்டும் 10,680 ரூபாய், வாங்கின கடனைவிட அதிகம். எஃப்.டி இருக்கறவங்க அதை உடைக்காமலே அது மேல ஓவர்டிராஃப்ட் எடுத்தா, பொதுவா எஃப்.டி வட்டியைவிட 1 முதல் 2 சதவீதம்தான் கூடுதல். ஆனா ராத்திரி 11.40-க்கு அந்த யோசனை யாருக்கும் வராது, ஏன்னா அதுக்கு நோட்டிபிகேஷன் அனுப்ப ஆள் இல்லை.

எடுத்தே ஆகணும்னா, பணம் வாங்கறதுக்கு முன்னாடி கே.எஃப்.எஸ் கேளுங்க. முக்கிய விவர அறிக்கை. எல்லாக் கட்டணமும் சேர்ந்த வருடாந்திர விகிதம் அதுல இருந்தே ஆகணும். டிஜிட்டல் லோனுக்கு "கூலிங் ஆஃப்" காலமும் உண்டு, குறைஞ்சது ஒரு நாள். அதுக்குள்ள மனசு மாறினா அசலையும் அந்த நாளுக்கான வட்டியையும் கட்டிட்டு அபராதம் இல்லாம வெளியே வரலாம். பிராசஸிங் கட்டணத்துல நியாயமான ஒரு தொகையை மட்டும் அவங்க வெச்சுக்கலாம், அதுவும் கே.எஃப்.எஸ்ல முன்கூட்டியே சொல்லியிருந்தாதான். நீங்க சம்மதிக்காம லிமிட்டைத் தானா உயர்த்தவும் கூடாது.

அடமானமா என்ன வைக்கிறோம்?

லோன் ஆப்புக்கு உங்க கான்டாக்ட் லிஸ்ட் எதுக்கு? நீங்க கட்டுவீங்களான்னு கணிக்க அது தேவையில்லை. கட்டலைன்னா யாருக்கெல்லாம் போன் போடலாம்னு தெரியத்தான் தேவை. நகையும் இல்லை, நிலமும் இல்லை, ஆனா மாமனார் நம்பர், மேனேஜர் நம்பர், காலேஜ் குரூப் எல்லாம் இருக்கு. அடமானத்துல மிச்சம் இருக்கற மானம்தான் அங்க ஈடு. கேலரியில இருந்து போட்டோவை எடுத்து அசிங்கமா மாத்தி அனுப்பின கொடுமையும், அதைத் தாங்காம உயிரை விட்டவங்களும் உண்டு. இதை நான் பயமுறுத்தறதுக்காகச் சொல்லலை.

2021-ல ஆர்.பி.ஐ அமைச்ச பணிக்குழு அந்த வருஷம் ஜனவரி, பிப்ரவரி ரெண்டு மாசம் ஆப் ஸ்டோர்களைப் பார்த்துச்சு. ஏறக்குறைய 1,100 லோன் ஆப், அதுல சுமார் 600 சட்டவிரோதம். 2022 செப்டம்பர்ல விதி வந்தது: லோன் ஆப்கள் போன்ல இருக்கற ஃபைல், போட்டோ, கான்டாக்ட், கால் பதிவு இதையெல்லாம் தொடக்கூடாது. கேமரா, மைக், லொக்கேஷன் மட்டும், அதுவும் கே.ஒய்.சிக்காக ஒரே ஒரு தடவை, உங்க சம்மதத்தோட. பணம் நேரா உங்க பேங்க் அக்கவுண்டுக்குத்தான் வரணும். கூகுள் பிளே ஸ்டோரும் 2023 மே 31-ல இருந்து பெர்சனல் லோன் ஆப்களுக்கு கான்டாக்ட், போட்டோ அனுமதியைத் தடை பண்ணிடுச்சு.

அதனால சோதனை ரொம்ப சுலபம். லோன் ஆப் கான்டாக்ட் கேட்குதா? விதியை மீறுது, அழிச்சுடுங்க. வாட்ஸ்ஆப்ல லிங்க் அனுப்பி, பிளே ஸ்டோருக்கு வெளியே இன்ஸ்டால் பண்ணச் சொல்லுதா? பேசவே வேண்டாம். ஆர்.பி.ஐ தன் வெப்சைட்ல, முறையான நிறுவனங்கள் பயன்படுத்தற லோன் ஆப்களோட பட்டியலை 2025-ல வெளியிட்டிருக்கு. ஆப் பேரை அதுல தேடிப் பாருங்க. அதுல பேர் இருக்குங்கறதுக்காக வட்டி நியாயம்னு அர்த்தம் இல்லை, அதையும் ஞாபகம் வெச்சுக்கோங்க.

ஏற்கனவே மாட்டிக்கிட்டவங்களுக்கு: முறையான நிறுவனமா இருந்தாலும் வசூல் ஏஜென்ட் காலை 8 மணிக்கு முன்னாடியும் ராத்திரி 7 மணிக்கு மேலயும் கூப்பிடக்கூடாது, உங்க சொந்தக்காரங்களையோ நண்பர்களையோ தொந்தரவு பண்ணக்கூடாது. மிரட்டல் வந்தா பயத்துல மெசேஜை அழிச்சுடாதீங்க, அதுதான் ஆதாரம். ஸ்கிரீன்ஷாட் எடுங்க, 1930-க்கு போன் பண்ணுங்க, இல்லன்னா மத்திய அரசோட சைபர் கிரைம் போர்ட்டல்ல பதிவு பண்ணுங்க. ஆர்.பி.ஐயோட சச்சேத் போர்ட்டல்லயும் புகார் கொடுக்கலாம். முக்கியமா, அவங்க கூப்பிடறதுக்கு முன்னாடி வீட்ல ஒருத்தர்கிட்ட நீங்களே சொல்லிடுங்க. அவங்ககிட்ட இருக்கற ஒரே ஆயுதம் "வீட்ல சொல்லிடுவேன்"தான்.

இந்த ஞாயிற்றுக்கிழமை அரை மணி நேரம்

செட்டிங்ஸ்ல பிரைவசிக்குள்ள பெர்மிஷன் மேனேஜர்னு இருக்கும். எஸ்.எம்.எஸ்ஸைத் தொடுங்க. அங்க எந்தெந்த ஆப்கள் வரிசையில நிக்குதுன்னு பார்த்தா ஆச்சரியமா இருக்கும், எப்பவோ ஒரு கூப்பனுக்காகப் போட்ட ஆப் கூட இருக்கும். மெசேஜ் ஆப்பை விட்டுடுங்க. யு.பி.ஐ ஆப்களுக்கு சிம்மைச் சரிபார்க்க அந்த அனுமதி தேவைப்படும், அதையும் விட்டுடலாம். மத்ததுக்கு "அனுமதிக்காதே". செலவுக் கணக்கு போடற ஆப் வெச்சிருக்கீங்கன்னா அது உங்க முடிவு. அந்த வசதிக்கு நீங்க கொடுக்கற விலை என்னன்னு இப்போ தெரியும். அடுத்து கான்டாக்ட், அதுக்கப்புறம் லொக்கேஷன்.

லோன் முடிஞ்ச ஆப்பை வெறுமனே அன்இன்ஸ்டால் பண்றது போதாது. ஆப் போகும், அவங்க சர்வர்ல இருக்கற உங்க ஆறு மாச இன்பாக்ஸ் போகாது. சம்மதத்தைத் திரும்பப் பெறவும், தரவை அழிக்கச் சொல்லவும் டிஜிட்டல் லோன் விதியிலயே உங்களுக்கு உரிமை இருக்கு. அவங்க குறைதீர் அலுவலருக்கு ரெண்டு வரி மெயில் போட்டுட்டு, பதில் வந்ததும் அன்இன்ஸ்டால் பண்ணுங்க.

யு.பி.ஐ ஆப்ல ஆட்டோபே பகுதியைத் திறங்க. 15,000 ரூபாய் வரைக்கும் ஒவ்வொரு தடவையும் பின் கேட்காமலே போகலாம். 24 மணி நேரம் முன்னாடி அறிவிப்பு வரணும், வரும், நாமதான் பார்க்க மாட்டோம். மறந்து போன ஓ.டி.டி, ஜிம் எல்லாம் ரத்து பண்ணுங்க. லோன் ஈ.எம்.ஐயோட ஆட்டோபேயை மட்டும் ரத்து பண்ணிட்டு கடன் முடிஞ்சுடுச்சுன்னு நினைக்காதீங்க, ஸ்கோர் அடி வாங்கும். ஆண்ட்ராய்டுல கூகுள் செட்டிங்ஸுக்குள்ள விளம்பரம்னு ஒரு பகுதி, அதுல விளம்பர ஐ.டியை நீக்கலாம். விளம்பரம் நிக்காது, உங்களைப் பின்தொடர்றது கொஞ்சம் சிரமமாகும்.

சட்டம் பத்தி சுருக்கமா. 2017 ஆகஸ்ட் 24-ல ஒன்பது நீதிபதிகள் அமர்வு பிரைவசி அடிப்படை உரிமைன்னு தீர்ப்பு கொடுத்தது. 2023-ல தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் வந்தது, 2025 நவம்பர்ல அதோட விதிகள். சம்மதம் கொடுத்தது எவ்வளவு சுலபமோ, திரும்ப எடுக்கறதும் அவ்வளவு சுலபமா இருக்கணும்னு அந்தச் சட்டம் சொல்லுது. மீறினா 250 கோடி ரூபாய் வரை அபராதம். ஆனா கம்பெனிகள் தயாராக 18 மாச அவகாசம் கொடுத்திருக்காங்க, அதாவது 2027 மே. அதுவரைக்கும் பெர்மிஷன் மேனேஜர்தான் நம்ம கையில இருக்கற சட்டம்.

உங்க போன் முடிஞ்சதும் அப்பா போனையும் வாங்கிப் பாருங்க. பென்ஷன் மெசேஜ் வர்ற இன்பாக்ஸ் அது, நம்ம சம்பள இன்பாக்ஸைவிட நிச்சயமான தேதி. அவர்கிட்ட கேட்டுட்டுத் திறங்க, நாமளும் கேட்காம நுழையற ஆப்பா ஆகிட வேண்டாம்.

அடுத்த வாரம் சேனல்ல ஒரு கே.எஃப்.எஸ்ஸை வரி வரியா படிக்கறோம். உங்ககிட்ட பழைய லோனோட கே.எஃப்.எஸ் பி.டி.எஃப் இருந்தா மெயில்ல தேடி எடுத்து வெச்சுக்கோங்க, வீடியோ ஓடும்போது பக்கத்துல வெச்சுப் பார்க்கலாம்.